அரசாணையும் தீர்ப்பும் கையில் இருந்தும் பணிமூப்பு ஏன் மாறவில்லை?

இடைநிலை ஆசிரியர் ஒருவர் கேட்டிருப்பது இது. தமக்குப் பின்னால் பணியில் சேர்ந்தவர்கள் முன்னுரிமைப் பட்டியலில் தமக்கு மேலே வைக்கப்பட்டிருக்கிறார்கள். அரசாணை தமக்குச் சாதகமாக இருக்கிறது. உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு (நீதிப்பேராணை கோரும் மனு) போட்டார். “மனுதாரரின் கோரிக்கையை அரசாணையின்படி எட்டு வாரத்துக்குள் பரிசீலித்து, தகுதியின் அடிப்படையில் முடிவெடுக்க வேண்டும்” என்று உத்தரவு வந்தது. ஏழு மாதமாகியும் அலுவலகம் அசையவில்லை. அவமதிப்பு வழக்குத் தொடர்ந்தால் பணிமூப்பு கிடைத்துவிடுமா? அரசே போட்ட ஆணையை அமல்படுத்தும்படி நீதிமன்றம் கட்டாயப்படுத்தாதா?

அவமதிப்பு வழக்கால் பணிமூப்பு கிடைக்காது. அதிகம் போனால் ஒரு பதில் கிடைக்கும். அந்தப் பதில் பெரும்பாலும் “நிராகரிக்கப்படுகிறது” என்றுதான் முடியும். கல்வி அலுவலகத்தில் பத்திவாரிக் குறிப்புரை, அதாவது வழக்கு மனுவின் ஒவ்வொரு பத்திக்கும் அலுவலகத்தின் பதில், எழுதும் மேசையில் பல ஆண்டுகள் உட்கார்ந்தவன் என்பதால் இதைத் தயங்காமல் சொல்கிறேன். உங்கள் வழக்கு தோற்கவில்லை. ஆனால் நீங்கள் நினைக்கிற அளவுக்கு வெல்லவும் இல்லை.

தீர்ப்பின் கடைசிப் பத்தியை மறுபடி படியுங்கள். “பணிமூப்பைத் திருத்து” என்று அதில் இல்லை. “பரிசீலி” என்றுதான் இருக்கிறது. அரசு வழக்கறிஞர் ஆட்சேபிக்காத, எதிர்வாதம் தாக்கல் ஆகாத, முதல் விசாரணையிலேயே முடிந்துவிடுகிற மனுக்களில் இத்தகைய உத்தரவுதான் வரும். நீதிபதி உங்கள் உரிமையைத் தீர்மானிக்கவில்லை. தீர்மானிக்கும் வேலையை மறுபடி அதே அலுவலகத்தின் மேசைக்கு அனுப்பியிருக்கிறார். ஆந்திர சாலைப் போக்குவரத்துக் கழகம் தொடர்பான 2006ஆம் ஆண்டு வழக்கில் உச்ச நீதிமன்றம் இவ்வகை உத்தரவுகளால் விளையும் குழப்பத்தை விரிவாகவே எடுத்துச் சொன்னது: உரிமை உண்டு என்று முடிவு செய்துவிட்டு அதன்படி பரிசீலிக்கச் சொல்வது வேறு, எதையும் முடிவு செய்யாமல் பரிசீலிக்கச் சொல்வது வேறு. உங்களுடையது இரண்டாவது வகை.

அவமதிப்பு வழக்கின் நோட்டீஸ் வந்ததும் அலுவலகத்தில் என்ன நடக்கும் என்பதையும் சொல்லிவிடுகிறேன். ஏழு மாதம் தூங்கிய கோப்பு ஒரே வாரத்தில் எழுத்தர், கண்காணிப்பாளர், நேர்முக உதவியாளர் என்று மூன்று மேசை தாண்டும். விசாரணைக்கு முதல் நாள் தேதியிட்டு ஒரு செயல்முறை ஆணை பிறக்கும். “மனுதாரரின் கோரிக்கை கவனமுடன் பரிசீலிக்கப்பட்டது, விதிகளில் இடமில்லாததால் ஏற்க இயலவில்லை.” அதைத் தாக்கல் செய்தவுடன், உத்தரவு நிறைவேற்றப்பட்டுவிட்டது என்று அவமதிப்பு வழக்கு முடித்துவைக்கப்படும். அந்த ஆணை தவறு என்றால் தனியாக எதிர்க்கலாம் என்ற அனுமதி மட்டும் உங்களுக்கு மிஞ்சும்.

இதைச் சட்டத்தின் ஓட்டை என்று சொல்ல முடியாது. 1996இல் ஜே.எஸ்.பரிஹார் வழக்கில் உச்ச நீதிமன்றம் நேரடியாகவே தீர்த்த விஷயம் இது. அதுவும் ராஜஸ்தானில் ஒரு பணிமூப்புப் பட்டியல் தகராறுதான். நீதிமன்றம் சொன்னபடி புதிதாகப் பட்டியல் தயாரித்தார்கள். அது தவறானது என்று அவமதிப்பு மனு வந்தது. பட்டியல் சரியாகவோ தவறாகவோ இருக்கலாம், ஆனால் அதை எதிர்க்க வேண்டியது புதிய வழக்கு மூலம். அவமதிப்பு விசாரணையில் அதன் தகுதியை ஆராய முடியாது என்று சொல்லிவிட்டது உச்ச நீதிமன்றம். சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து போன வேறொரு வழக்கில், 2014இல், மூலத் தீர்ப்பில் இல்லாத எதையும் அவமதிப்பு நீதிமன்றம் சேர்த்துக் கொடுக்கக் கூடாது என்றும் கூறியது. மூலத் தீர்ப்பின் எழுத்துக்கு வெளியே ஓர் அங்குலம்கூட நகர முடியாது என்று வைத்துக்கொள்ளுங்கள்.

அடுத்து அரசாணை. நம் ஆசிரியர்களிடையே ஓர் எண்ணம் ஊறிக்கிடக்கிறது: அரசாணை எண் ஒன்று கையில் இருந்தால் அது சட்டம், நீதிமன்றம் அதை அமல்படுத்தியே தீரும் என்று. அரசாணைகள் எல்லாம் ஒரே எடை கொண்டவை அல்ல. அரசியலமைப்பின் 309ஆம் கூறின் வரம்புரையின்கீழ் ஆளுநர் பெயரால் பணி விதிகளையே திருத்தி, அரசிதழில் வெளியிடப்படும் ஆணை ஒன்று. அது சட்டத்துக்கு நிகர்; அதைச் செயல்படுத்தச் சொல்லி நீதிப்பேராணை கேட்கலாம். 162ஆம் கூறின்கீழ் உள்ள நிர்வாக அதிகாரத்தால் பிறக்கும் ஆணை இன்னொன்று. விதி எங்கே மௌனமாக இருக்கிறதோ அந்த இடைவெளியை அது நிரப்பலாம். விதியை மீறவோ மாற்றவோ முடியாது. 1967இல் சந்த் ராம் சர்மா வழக்கிலிருந்து இது நிலைத்துவிட்ட கோட்பாடு. வெறும் நிர்வாக அறிவுரையை வைத்துக்கொண்டு “இது என் உரிமை, அமல்படுத்து” என்று கேட்க முடியாது என்றும் அதே ஆண்டில் மைசூர் தொடர்பான ஒரு வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியிருக்கிறது. அப்படியானால் நிர்வாக ஆணையால் பயனே இல்லையா என்றால், உண்டு; வழிதான் வேறு. ஒரே ஆணையைப் பக்கத்து ஒன்றியத்தில் ஒருவருக்குப் பொருத்திவிட்டு உங்களுக்கு மறுத்தால் 14, 16ஆம் கூறுகளின்கீழ் சமத்துவம் மீறப்படுகிறது என்று கேட்கலாம். தான் வகுத்த நெறியிலிருந்து அரசு காரணமில்லாமல் விலக முடியாது என்பது 1979லிருந்து உறுதியான சட்டம். ஆனால் அதற்கு அந்தப் பக்கத்து ஒன்றியத்து ஆணையின் நகல் வேண்டும். “அங்கே கொடுத்தார்கள்” என்ற பேச்சு போதாது. தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்கீழ் மனுப் போட்டு வாங்கி வையுங்கள்.

மூன்றாவதாக ஒரு ரகம் இருக்கிறது. தொல்லை பெரும்பாலும் அதனால்தான். இயக்குநரின் செயல்முறைகள், தெளிவுரைக் கடிதங்கள். அரசாணை நான்கு வரியில் சொன்னதைத் தெளிவுரை நாற்பது வரியில் குழப்பும். அலுவலகங்களில் நடைமுறையில் மேலே நிற்பது தெளிவுரைதான், ஏனென்றால் கடைசியாக வந்த தாள் அது. நீதிமன்றத்தில் அதற்கு அந்த மதிப்பு கிடையாது. விதியைத் திருத்திய அரசாணையை இயக்குநரின் கடிதம் சுருக்கவும் முடியாது, நீட்டவும் முடியாது. உங்கள் நிராகரிப்பு ஆணை ஒரு தெளிவுரையை மட்டுமே மேற்கோள் காட்டியிருந்தால், உங்கள் அடுத்த மனுவின் வலுவான வாதம் அதுதான்.

நீங்கள் எந்த அரசாணை என்று எழுதவில்லை. இன்று தொடக்கக் கல்வித் துறையில் பணிமூப்பு என்றாலே பேச்சு அரசாணை 243இல்தான் போய் நிற்கிறது, அதையே எடுத்துக்கொள்கிறேன். 2023 டிசம்பர் 21ஆம் நாள் பள்ளிக் கல்வித் துறை வெளியிட்ட அந்த ஆணை, தொடக்கக் கல்விச் சார்நிலைப் பணி விதிகளைத் திருத்தி, ஒன்றிய அளவில் இருந்த முன்னுரிமையை மாநில அளவுக்கு மாற்றியது. ஒன்றியம் ஏன் அலகாக இருந்தது என்பதற்குப் பழைய கதை உண்டு. தொடக்கப் பள்ளிகள் ஊராட்சி ஒன்றியங்களின் பள்ளிகளாக இருந்தவை; ஆசிரியர்களும் ஒன்றியத்தின் பணியாளர்கள். 1981இல் அவர்கள் அரசு ஊழியர்கள் ஆனார்கள், பட்டியல் மட்டும் ஒன்றியத்தோடு ஒட்டிக்கொண்டே இருந்தது. விளைவு: ஒரே நாளில் பணியில் சேர்ந்த இருவரில், காலியிடம் அதிகமுள்ள ஒன்றியத்தில் இருப்பவர் தலைமையாசிரியர் ஆகி ஓய்வும் பெற்றுவிடுவார், இன்னொருவர் இடைநிலை ஆசிரியராகவே காத்திருப்பார். சொந்த விருப்பத்தில் வேறு ஒன்றியத்துக்கு மாறுதல் வாங்கினால் அங்கே பட்டியலின் கடைசி இடம். குடும்பத்துக்காக ஊர் மாறியவர்கள் பல ஆண்டுப் பணிமூப்பை அப்படித் தொலைத்தார்கள்.

மாநில அளவில் ஒரே பட்டியல் என்றானதும் அவர்களுக்கு இழந்தது திரும்புகிறது. ஒன்றியத்திலேயே நகராமல் இருந்து, அடுத்த பேனலில் (பதவி உயர்வுக்கான பெயர்ப்பட்டியலில்) தம் பெயர் வரும் என்று விரல்விட்டு எண்ணிக்கொண்டிருந்தவர்களுக்கு அது பறிபோகிறது. பதவி உயர்வு வந்தாலும் வெளிமாவட்டம் போக நேரும், அதனால் பெண் ஆசிரியர்கள் உரிமையை விட்டுவிட நேரும் என்பது சங்கங்களின் வாதம். தொடக்கக் கல்வி ஆசிரியர் சங்கங்களின் டிட்டோஜாக் கூட்டமைப்பு அந்த ஆணையை ரத்து செய்யக் கோரி 2024 ஜூலையில் சென்னையில் கல்வி வளாகத்தை முற்றுகையிட்டதெல்லாம் நினைவிருக்கும். எந்தப் பக்கம் நியாயம் என்ற விவாதத்துக்குள் நான் போகவில்லை. என் கருத்தைக் கேட்டால் ஒன்றியப் பட்டியல் எப்போதோ ஒழிந்திருக்க வேண்டியது, ஆனால் மாறுதல் காலத்துக்கு ஒரு பாதுகாப்பு விதி இல்லாமல் ஒரே வெட்டாக வெட்டியிருக்கக் கூடாது. சட்டம் இதில் சொல்வது சுருக்கமானது. பதவி உயர்வுக்குப் பரிசீலிக்கப்படுவது உரிமை. பதவி உயர்வு கிடைக்கும் என்ற வாய்ப்பு உரிமையல்ல. 1974இல் முகமது சுஜாத் அலி வழக்கில் அரசியல்சாசன அமர்வு சொன்னது இது. ஆகவே “என் வாய்ப்புக் குறைந்தது” என்று மட்டும் சொல்லி விதித் திருத்தத்தை உடைக்க முடியாது. முன்தேதியிட்டு, ஏற்கெனவே கைக்கு வந்துவிட்ட உரிமையைப் பறித்தால் மட்டும் நீதிமன்றம் தலையிடும்.

இந்த உதாரணத்தில் கவனிக்க வேண்டியது, பணிமூப்புத் தகராறு உங்களுக்கும் அரசுக்கும் இடையே மட்டும் நடப்பதல்ல என்பது. உங்களை 212ஆம் இடத்திலிருந்து 140க்கு ஏற்றினால் நடுவில் உள்ள அத்தனை பேரும் ஓரிடம் இறங்குகிறார்கள். அவர்களை எதிர்மனுதாரர்களாகச் சேர்த்தீர்களா? செயலாளர், இயக்குநர், மாவட்டக் கல்வி அலுவலர், வட்டாரக் கல்வி அலுவலர் ஆகியோரை மட்டும் சேர்த்து வாங்கிய தீர்ப்புகளை நிறையப் பார்த்திருக்கிறேன். அமல்படுத்தப் போகும் நேரத்தில் பாதிக்கப்படும் ஆசிரியர் ஒருவர், “என்னைக் கேட்காமல் என் இடத்தை எடுத்தார்கள்” என்று அனுமதி பெற்று மேல்முறையீடு செய்வார்; தீர்ப்பு அங்கேயே நின்றுவிடும். இதுபற்றிய முதன்மையான தீர்ப்பும் ஆசிரியர் வழக்கில் பிறந்ததுதான். உத்தரப் பிரதேசத்தில் வேலைநிறுத்தக் காலத்தில் பணியாற்றி, காத்திருப்புப் பட்டியலில் வைக்கப்பட்ட ஆசிரியர்கள் தொடர்பான பிரபோத் வர்மா வழக்கு, 1984. பாதிக்கப்படுவோரை, எண்ணிக்கை அதிகமென்றால் அவர்களுள் சிலரைப் பிரதிநிதிகளாகவாவது, சேர்க்காமல் உயர் நீதிமன்றம் அந்த மனுவை விசாரித்தே இருக்கக் கூடாது என்றது உச்ச நீதிமன்றம். எழுபது பேருக்கு நோட்டீஸ் அனுப்பும் செலவை நினைத்து வழக்கறிஞர்கள் சிலர் இதைத் தவிர்க்கிறார்கள். பிறகு ஆகும் செலவு அதைவிடப் பெரிது.

காலதாமதத்தைப் பற்றியும் எச்சரித்தாக வேண்டும். தமிழ்நாட்டுப் பொது விதிகளில் நெடுங்காலமாக இருந்துவந்த 35(எஃப்), பணிமூப்பைத் திருத்தக் கோரும் விண்ணப்பத்துக்கு மூன்றாண்டு வரம்பு வைத்தது. நீதிமன்றம் இன்னும் கண்டிப்பானது. தமிழ்நாட்டிலிருந்தே போன சதாசிவசுவாமி வழக்கில், இளையவருக்குப் பதவி உயர்வு கொடுத்ததை எதிர்ப்பவர் ஆறு மாதத்துக்குள், அதிகபட்சம் ஓராண்டுக்குள் வரவேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 1974இல் சொன்னதை அரசுத் தரப்பு எதிர்வாதங்களில் இன்றும் காணலாம். இடையிடையே கோரிக்கை மனு அனுப்பிக்கொண்டிருந்தால் காலம் ஓடாது என்று நினைக்க வேண்டாம். செத்துப்போன உரிமைக்குக் கோரிக்கை மனுவும் அதற்கு வரும் பதிலும் உயிர் கொடுக்காது என்பது நம் மாநிலச் சுரங்கத் துறைப் பணியாளர் ஒருவரின் வழக்கில் 2008இல் வந்த தீர்ப்பு. உங்கள் “பரிசீலனை” உத்தரவின் பதிலில் அலுவலகம் இதைத்தான் முதலில் பிடித்துக்கொள்ளும்.

அப்படியென்றால் அவமதிப்பு வழக்கே வேண்டாமா? வேண்டும், பதிலை வரவழைக்க. 1971ஆம் ஆண்டுச் சட்டத்தின் 20ஆம் பிரிவுப்படி, மீறல் நிகழ்ந்த நாளிலிருந்து ஓராண்டுக்குள் தொடர வேண்டும். உங்கள் எட்டு வாரம் தீர்ப்பு நகல் அலுவலகத்துக்குக் கிடைத்த நாளிலிருந்து ஓடும் என்றுதான் உத்தரவில் இருக்கும். ஆகவே நகலை எந்த நாளில், யாருக்குப் பதிவஞ்சலில் அனுப்பினீர்கள், ஒப்புகை அட்டை வந்ததா என்பதே முதல் கேள்வி. நேரில் கொடுத்து, முத்திரை வாங்காமல் வந்திருந்தால் இன்றே மறுபடி அனுப்புங்கள். எதிரியாகக் காட்ட வேண்டியது பதவியை அல்ல, இப்போது அந்தப் பதவியில் இருந்து உத்தரவை நிறைவேற்ற வேண்டியவரை, பெயரோடு. அவர் வேண்டுமென்றே மீறினார் என்று காட்ட வேண்டும்; கவனக்குறைவும் தாமதமும் மட்டும் போதாது. தண்டனை அதிகபட்சம் ஆறு மாத வெறுங்காவல், 2,000 ரூபாய் அபராதம். அதுவும் மன்னிப்புக் கேட்டால் பெரும்பாலும் அதோடு முடியும். இன்னொன்று: அவமதிப்பு மனு தள்ளுபடியானால் 19ஆம் பிரிவின்கீழ் உங்களுக்கு மேல்முறையீடு கிடையாது. அது தண்டிக்கப்பட்டவருக்கு மட்டும் உள்ள உரிமை.

அரசு மேல்முறையீடு செய்திருக்கிறது என்று பதில் வரலாம். மேல்முறையீடு தாக்கலானது தடையாணை ஆகாது. இது உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 41ஆம் ஆணை, 5ஆம் விதியிலேயே இருக்கிறது. தனி நீதிபதியின் தீர்ப்பை எதிர்க்க 30 நாள். பல நேரம் அவமதிப்பு நோட்டீஸைக் கண்ட பிறகுதான் தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவோடு மேல்முறையீட்டை எண்ணிடச் சொல்லி ஓடுவார்கள். ஆனாலும் தடை கோரும் மனு நிலுவையில் இருந்தால் அதை முதலில் விசாரிப்பதே முறை என்று 1995இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருப்பதால், அந்த நாள்களில் அவமதிப்பு நீதிபதி அவசரப்பட மாட்டார்.

அவமதிப்பு அதிகாரம் உண்மையாகவே கடித்த பணிமூப்பு வழக்கு நம் மாநிலத்தில் உண்டு. ஆசிரியர்களுடையது அல்ல, பொதுப்பணித் துறைப் பொறியாளர்களுடையது. தேர்வாணையத்தின் தரவரிசைப்படி அல்லாமல் இனச்சுழற்சிப்படி பணிமூப்பு வைத்தது தவறு என்று சென்னை உயர் நீதிமன்றம் 2015இல் தீர்ப்பளித்தது. உச்ச நீதிமன்றம் 2016இல் அதில் தலையிட மறுத்தது. அரசு பட்டியலைத் திருத்துவதற்குப் பதிலாக அதே ஆண்டில் அரசு ஊழியர் பணி நிபந்தனைச் சட்டத்தைக் கொண்டுவந்து, 40ஆம் பிரிவில் பழைய முறையையே மறுபடி வைத்தது. அந்தப் பிரிவை 2019இல் உயர் நீதிமன்றம் செல்லாது என்றது. அதன் பிறகும் பட்டியல் திருந்தாததால், அவமதிப்பு நிகழ்ந்திருக்கிறது என்று 2021 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் கூறி, திருத்திய பட்டியலை வெளியிட அவகாசம் கொடுத்தது. இந்த வழக்கு ஏன் கடித்தது? மூலத் தீர்ப்பில் “பரிசீலி” என்று இல்லை. எந்தத் தேர்வில் வந்தவர்கள், எந்த அடிப்படையில் வரிசைப்படுத்தப்பட வேண்டும் என்று வெட்டவெளிச்சமாக இருந்தது. அலுவலகத்துக்கு ஒளிந்துகொள்ள இடமில்லை. அப்படியும் ஆறாண்டு பிடித்தது.

ஆகவே உங்கள் உழைப்பையெல்லாம் வைக்க வேண்டிய இடம் அடுத்த ரிட் மனுவின் கோரிக்கைப் பத்தி. நிராகரிப்பு ஆணை வந்தவுடன் அதையும், குறிப்பிட்ட தேதியிட்ட முன்னுரிமைப் பட்டியலில் உங்கள் இடத்தையும் ரத்து செய்யக் கேளுங்கள். “அரசாணையை அமல்படுத்த” என்று பொதுவாகக் கேட்காதீர்கள். இன்ன விதியின்படி, இன்ன வரிசை எண்ணுக்குக் கீழும் இன்ன எண்ணுக்கு மேலும் என்னை வைக்க வேண்டும். எனக்கு இளையவர் பதவி உயர்வு பெற்ற நாளிலிருந்து எனக்கும் கருத்தியலாக, அதாவது அன்றே பெற்றதாகக் கொண்டு, பதவி உயர்வு தர வேண்டும். ஊதியத்தை அதன்படி நிர்ணயித்து நிலுவை தர வேண்டும் என்று ஒவ்வொன்றையும் தனித்தனியாக எழுதச் சொல்லுங்கள். நிலுவைத் தொகையைக் கேட்காமல் விட்டுவிட்டு அவமதிப்பு வழக்கில் கேட்பவர்கள் ஏமாறுகிறார்கள். வேலை செய்யாதவருக்குச் சம்பளம் இல்லை என்று அலுவலகம் சொல்லும். வேலை செய்யத் தயாராக இருந்தவரைத் தவறில்லாமலே ஒதுக்கி வைத்திருந்தால் அந்த வாதம் எடுபடாது என்பதற்கு 1991ஆம் ஆண்டு ஜானகிராமன் தீர்ப்பு இருக்கிறது. ஓய்வுக்கு அருகில் இருப்பவர்கள் ஓய்வூதியத் திருத்தத்தையும் அதே பத்தியில் கேட்க வேண்டும்.

வழக்கறிஞருக்குப் பணம் கட்டுவதற்கு முன் இன்னொன்றைச் சரிபாருங்கள்: ஆசிரியர் தகுதித் தேர்வில் தேர்ச்சி பெற்றிருக்கிறீர்களா? 2023 ஜூனில் சென்னை உயர் நீதிமன்றமும், 2025 செப்டம்பர் 1ஆம் நாள் உச்ச நீதிமன்றமும் பதவி உயர்வுக்கு அது கட்டாயம் என்று சொல்லிவிட்டன. ஓய்வுபெற ஐந்தாண்டுக்குக் குறைவாக உள்ளவர்கள் தேர்ச்சி இல்லாமல் பணியில் தொடரலாம், பதவி உயர்வு மட்டும் இல்லை. மற்றவர்களுக்கு இரண்டாண்டு அவகாசம். பட்டியலில் முதலிடமே கிடைத்தாலும் தகுதித் தேர்வு இல்லையென்றால் அந்த இடம் வெறும் எண்.

உங்கள் கணக்குக்கு வருவோம். உத்தரவு வந்து ஏழு மாதம் என்கிறீர்கள். நகல் உடனே சேர்ந்திருந்தால் மீறல் தொடங்கி ஐந்து மாதம். அவமதிப்பு மனுவுக்கு இன்னும் ஏழு மாதம் இருக்கிறது. முதலில் வழக்கறிஞர் மூலம் பதினைந்து நாள் அவகாசத்தோடு ஓர் அறிவிப்பு அனுப்புங்கள். பதில் வந்தால் புதிய ரிட், வராவிட்டால் அவமதிப்பு. புதிய ரிட்டோடு ஓர் இடைக்கால மனுவும் போடச் சொல்லுங்கள். கலந்தாய்வை முழுதாக நிறுத்தக் கேட்டால் நீதிபதி தயங்குவார். நூற்றுக்கணக்கானவர்களின் பதவி உயர்வு அதில் இருக்கிறது. வரப்போகும் பேனலில் நடக்கும் பதவி உயர்வுகள் இந்த வழக்கின் இறுதி முடிவுக்குக் கட்டுப்பட்டவை என்றும், ஓர் இடம் மட்டும் நிரப்பாமல் வைக்கப்பட வேண்டும் என்றும் கேளுங்கள். அது பெரும்பாலும் கிடைக்கும்.